எல்லாருக்கும் கொடி

அந்தப் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியையாகச் சேர்ந்த முதல் வாரத்திலேயே தங்கச்செல்வி ராமலட்சுமியை அடிக்கக் கை ஓங்கிவிட்டாள்.

எட்டாம் வகுப்புப் பெண்களை மைதானத்தைச் சுற்றி ஓடவிட்டு, போதும் என்று விசில் அடித்தாள். எல்லோரும் நின்றார்கள். ஒருத்தி மட்டும் நிற்கவில்லை. இரண்டாவது விசிலுக்கும் நிற்கவில்லை. நின்றவர்களை இரண்டு பக்கமும் விலக்கிக்கொண்டு ஓடி, கிழக்குச் சுவரைத் தொட்டபிறகுதான் திரும்பிப் பார்த்தாள்.

"ஏன்டி, விசில் அடிச்சா நிக்கணும்னு தெரியாதா? அம்புட்டுத் திமிரா?"

அந்தப் பெண் டீச்சரின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். மூச்சு வாங்க ஓடி வந்த இன்னொருத்தி சொன்னாள்: "டீச்சர், அவளுக்குக் காது கேக்காது டீச்சர்."

ஓங்கிய கையைத் தங்கச்செல்வி முடி ஒதுக்குவதுபோல இறக்கிக்கொண்டாள்.

திருச்சுழியிலிருந்து நாலு கிலோமீட்டர் உள்ளே தள்ளி இருந்தது அந்த அரசுப் பள்ளி. தங்கச்செல்வி அருப்புக்கோட்டைக்குப் பக்கத்துப் பாளையம்பட்டியிலிருந்து இரண்டு பஸ் மாறி வருவாள். மைதானம் என்று பேருக்கு ஒரு கரிசல் பொட்டல். கோடையில் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும், மழை பெய்தால் காலோடு ஒட்டிக்கொண்டு வரும். ஓரமெல்லாம் சீமைக்கருவேல முள். அதில் செருப்பில்லாமல் ஓடுகிற ஒரு பெண் இவ்வளவு வேகமாக ஓடுவாள் என்று அவள் எதிர்பார்க்கவில்லை.

ராமலட்சுமிக்கு மூன்று வயதில் வந்த காய்ச்சலில் காது போயிற்று. முகாமில் கொடுத்த காது மிஷின் இருந்தது. வேர்த்தால் அது கீ என்று கத்தும் என்று ஓடும்போது கழற்றிப் பைக்குள் போட்டுவிடுவாள். வாயசைவைப் பார்த்துப் பாதி புரிந்துகொள்வாள். பேசவும் செய்வாள், அந்தப் பேச்சு அவள் அம்மாவுக்கும், ஒரு வருடம் கழித்துத் தங்கச்செல்விக்கும் மட்டும்தான் புரிந்தது. அவளுக்குப் பொறுமை கிடையாது. ஒரு வார்த்தையை மூன்றாம் தடவை சொல்ல நேர்ந்தால் தலையில் அடித்துக்கொண்டு போய்விடுவாள்.

கைக்குட்டையை வீசி ஓடவிட்டால் நூறு மீட்டரைப் பதிமூன்றே முக்கால் விநாடியில் முடித்தாள். விசில் அடித்து ஓடவிட்டால் பதினாலரை ஆனது. பக்கத்தில் நிற்பவளின் கால் அசைவதைப் பார்த்தபிறகுதான் அவள் கிளம்ப வேண்டியிருந்தது. அந்த முக்கால் விநாடியில் மற்றவர்கள் நாலு எட்டு முன்னால் போயிருப்பார்கள்.

"அதுக்குத்தான் மாற்றுத்திறனாளிப் பிள்ளைகளுக்குத் தனிப் போட்டி வைக்கிறாகளே, அங்க கூட்டிட்டுப் போங்க" என்றார் தலைமையாசிரியர். டிசம்பரில் விருதுநகருக்குக் கூட்டிப் போனாள். ராமலட்சுமியின் பிரிவில் மொத்தம் மூன்று பேர். ஒருத்தி பாதியில் நின்று பந்தலில் உட்கார்ந்திருந்த தன் அம்மாவுக்குக் கையாட்டினாள். ராமலட்சுமி முப்பது மீட்டர் வித்தியாசத்தில் முதலாவதாக வந்து, திரும்பிப் பார்த்து, பின்னால் யாரும் இல்லாததைக் கண்டு முகம் சுளித்தாள். மேடையில் கொடுத்த டிபன் பாக்ஸைப் பஸ்ஸில் டீச்சர் மடியில் வைத்துவிட்டாள்.

"என்ன?"

"நான் ஓடவே இல்ல" என்றாள் ராமலட்சுமி. பிறகு நோட்டை எடுத்து எழுதிக் காட்டினாள். சத்யபிரியா கூட ஓடணும்.

சத்யபிரியா அருப்புக்கோட்டையில் ஒரு பள்ளியில் படிப்பவள். போன வருடக் குறுவட்டப் போட்டியில் முதலாவதாக வந்தவள். அவளுடைய படத்தைச் செய்தித்தாளிலிருந்து வெட்டி ராமலட்சுமி கணக்கு நோட்டுக்குள் வைத்திருந்தாள். அதைப் பாராட்டு என்று சொல்ல முடியாது. படத்தின் மேல் பேனாவால் மீசை வரைந்திருந்தாள்.

ஜூலையில் குறுவட்டப் போட்டிக்கான ஆலோசனைக் கூட்டம் நடந்தது. சுற்றுவட்டாரப் பள்ளிகளின் உடற்கல்வி ஆசிரியர்கள் எல்லோரும் வந்திருந்தார்கள். தங்கச்செல்வி எழுந்து, காது கேட்காத ஒரு மாணவி ஓடப்போகிறாள், ஓட்டத்தைத் தொடங்கும்போது ஒரு கொடியும் அசைத்தால் நல்லது என்றாள்.

இருபத்தாறு வருடமாக அந்தக் குறுவட்டத்தில் ஓட்டங்களைத் தொடங்கி வைப்பவர் சங்கையா சார். இரண்டு மரப்பலகைகளைக் கீல் போட்டு இணைத்த கிளாப்பர் அவருடையது. தேக்கு. அவர் அதைத் தட்டினால் ரோட்டில் போகிற ஆள் நின்று திரும்பிப் பார்ப்பான் என்று சொல்வார்கள்.

"கொடியெல்லாம் நம்ம வழக்கத்துல இல்லையேம்மா" என்றார்.

"வழக்கத்துல இல்லதான் சார். அவளுக்குச் சத்தம் கேக்காதே."

"தனிப் போட்டி இருக்குல்ல?" என்றார் சத்யபிரியாவின் பள்ளி ஆசிரியர் ஜெயக்குமார்.

"போயிட்டு வந்துட்டோம் சார். அவ இங்க ஓடணும்ங்கிறா."

டீ வந்தது. டீ குடித்து முடிக்கிற அவசரத்தில் சங்கையா சார் தலையசைத்தார். "கொடிதானே. ஆட்டிட்டாப் போச்சு. விடும்மா."

போட்டியன்று ஆடிக்காற்று அருப்புக்கோட்டை மைதானத்தைத் தூக்கிக்கொண்டு போனது. காலையில் போட்ட சுண்ணாம்புக் கோடுகள் பத்து மணிக்கெல்லாம் பாதி அழிந்துவிட்டன. பெண்கள் நூறு மீட்டர், முதல் சுற்று. சங்கையா சார் சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருந்தார். கிளாப்பரின் நுனியில் ஒரு சிவப்புத் துணியைக் கட்டியிருந்தார்.

"பாத்தியாம்மா, கட்டிட்டேன்" என்று தூக்கிக் காட்டிவிட்டு, ஓடுகிறவர்களுக்குப் பின்னால் போய் நின்றார்.

தங்கச்செல்வி ஓடினாள். "சார், நீங்க பின்னால நிக்கிறீங்க."

"ஸ்டார்ட்டர் பின்னாலதான் நிப்பான். யாரும் முந்திக் கெளம்புறாகளான்னு காலைப் பாக்கணும்ல?"

"பின்னால நின்னா அவ கொடிய எப்படி சார் பாப்பா?"

"திரும்பிப் பாக்கச் சொல்லு."

ராமலட்சுமியிடம் சைகையில் சொன்னாள். எட்டுப் பேரும் குனிந்தார்கள். ராமலட்சுமி கழுத்தைத் திருப்பிப் பின்னால் பார்த்தாள். உடம்பும் கூடத் திரும்பியது.

"ஏழாம் லேன், அசையாத!" என்று கத்தினார் சங்கையா சார்.

அவளுக்குக் கேட்கவில்லை. எல்லோரையும் எழுப்பி, மறுபடி குனிய வைத்தார். அவள் மறுபடி திரும்பினாள். "ஏழாம் லேன், வார்னிங்! இன்னொரு தடவ அசைஞ்சா வெளிய போகணும்." எச்சரிக்கை கொடுக்கப்பட்டதே அவளுக்குத் தெரியாது. பக்கத்து லேன் பெண்தான் அவள் தோளைத் தொட்டு விரலை ஆட்டிக் காட்டினாள்.

மூன்றாவது தடவை ராமலட்சுமி தலையைத் திருப்பவில்லை. முன்னால் பார்த்துக்கொண்டே நின்றாள். கிளாப்பர் சத்தத்துக்கு ஏழு பேர் கிளம்பினார்கள். எட்டாவதாக அவள் கிளம்பினாள். இருந்தும் மூன்றாவதாக வந்து, நேரக் கணக்கில் கடைசி ஆளாக இறுதிச் சுற்றுக்குள் நுழைந்துவிட்டாள்.

இறுதிச் சுற்றுக்கு முன்னால் தங்கச்செல்வி சங்கையா சாரிடம் போனாள். "சார், நான் முன்னால ஓரமா நின்னுக்கிறேன். உங்க சத்தம் கேட்டதும் கைக்குட்டைய எறக்குறேன். உங்களுக்கு ஒரு தொந்தரவும் இல்ல."

"என்னமோ செய்யம்மா" என்றார். காற்றில் கண்ணில் விழுந்த தூசியைக் கசக்கிக்கொண்டிருந்தார்.

இருபது எட்டு வைத்து முன்னால் போய், கோடு இருந்த இடத்துக்கு வெளியே என்று அவள் நம்பிய இடத்தில், கைக்குட்டையைத் தூக்கிப் பிடித்து நின்றாள். சத்தம் கேட்டதும் இறக்கினாள். ராமலட்சுமி கிளம்பினாள். அவ்வளவு நேரம் அடைத்து வைத்த ஆட்டைத் திறந்துவிட்டது போல இருந்தது. ஐம்பது மீட்டரில் நாலு பேரைத் தாண்டினாள். சத்யபிரியா முதலில் போனாள். ஒரு கை நீளம் பின்னால் ராமலட்சுமி இரண்டாவது. முதல் இரண்டு பேரும் மாவட்டப் போட்டிக்குப் போகலாம்.

பத்து நிமிடத்தில் ஜெயக்குமார் ஒரு தாளோடு நடுவர்கள் மேசைக்கு வந்தார். மூன்றாவதாக வந்தவளும் அவர் பள்ளிப் பெண்தான். ஓடுதளத்துக்குள் நின்று ஓர் ஆசிரியை தன் மாணவிக்கு உதவினார் என்பது புகார்.

"நான் கோட்டுக்கு வெளியதான் நின்னேன்" என்றாள் தங்கச்செல்வி.

"உள்ள நின்னீங்க டீச்சர்."

"எங்க இருக்கு கோடு? காட்டுங்க சார், எங்க இருக்கு?"

எல்லோரும் போய்ப் பார்த்தார்கள். கோடு இல்லை. காற்று கொண்டுபோயிருந்தது.

"சங்கையா சார்ட்ட கேட்டுட்டுத்தான் நின்னேன்."

"ஆமா, கேட்டா. நான் சரின்னு சொல்லல, என்னமோ செய்யின்னேன்" என்றார் சங்கையா சார். அவர் பொய் சொல்லவில்லை. அதுதான் தங்கச்செல்விக்குத் தாங்கவில்லை.

கோடு இருந்தாலும் இல்லாவிட்டாலும் வெளி உதவி என்பது உதவிதான் என்று முடிவானது. ராமலட்சுமியின் பெயரை அடித்துவிட்டு, சான்றிதழில் இன்னொரு பெண்ணின் பெயரை எழுதினார்கள். அதை எழுதுகிற மேசையில் உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாம் ஆசிரியைகள். ஒருத்தி தங்கச்செல்வியை நிமிர்ந்து பார்த்துவிட்டுக் குனிந்துகொண்டாள்.

ராமலட்சுமி வேப்பமரத்தடியில் காத்திருந்தாள். மைக்கில் பெயர்களை வாசித்தது அவளுக்குத் தெரியாது. அவளுக்கு இதைச் சொல்ல அந்த மைதானத்தில் வேறு ஆள் கிடையாது. தங்கச்செல்வி அவள் பக்கத்தில் உட்கார்ந்து, நோட்டில் எழுதினாள். எழுதி முடிக்கும் முன்பே ராமலட்சுமி படித்துவிட்டாள்.

"நான் என்ன தப்பு பண்ணேன்?"

"நீ ஒண்ணும் பண்ணல. நான் முன்னால நின்னது தப்பாம்."

ராமலட்சுமி நோட்டைப் பிடுங்கி மூடினாள். பிறகு சத்தமாகக் கேட்டாள். எவ்வளவு சத்தம் என்று அவளுக்குத் தெரியாததால் மைதானமே திரும்பியது. "நீங்க ஏன் வந்தீங்க?"

திரும்பி வரும் பஸ்ஸில் அவள் வேறு சீட்டில் உட்கார்ந்தாள்.

அடுத்த நாளிலிருந்து ராமலட்சுமி மைதானத்துக்கு வரவில்லை. இரண்டு வாரம் கழித்துப் பள்ளிக்கு வந்தாள் அவள் அம்மா அருஞ்சுனை. அருப்புக்கோட்டைப் பக்கம் ஒரு நூற்பாலையில் வேலை. ஷிப்ட் முடிந்து வேனில் இறங்கி நேராக வந்திருந்தாள். முடியில் பஞ்சு ஒட்டியிருந்தது.

"வீட்டுல தட்டத் தூக்கி எறியிறா டீச்சர். என்ன நடந்துச்சுன்னு கேட்டா நோட்டத் தூக்கி எறியிறா."

தங்கச்செல்வி நடந்ததைச் சொன்னாள். அருஞ்சுனை முழுவதையும் கேட்டாள்.

"நீங்க நல்லதுக்குத்தான் நின்னிருக்கீக. ஆனா ஒண்ணு டீச்சர், இவளுக்கு மட்டும் தனியா எதும் செஞ்சா எவனாச்சும் வந்து நொட்டை சொல்லத்தான் செய்வான். ரேஷன் கடையிலயும் அப்படித்தான், ஆஸ்பத்திரியிலயும் அப்படித்தான். நான் பத்து வருசமாப் பாக்கேன்." முந்தானைக்குள்ளிருந்து நோட்டின் கடைசித் தாளை எடுத்தாள். "இதக் குடுக்கச் சொன்னா. அவ வரமாட்டாளாம்."

தாளில் பெரிய எழுத்தில் இருந்தது: எல்லாருக்கும் கொடி. முன்னாடி. அப்ப யாரும் கேக்க முடியாது.

தங்கச்செல்விக்கு இது ஏன் தனக்குத் தோன்றவில்லை என்று இருந்தது. எட்டுப் பேருக்கும் கண் இருக்கிறது. எட்டுப் பேரும் கொடியைப் பார்த்து ஓடலாம்.

கல்வி அலுவலகத்துக்கு மனு எழுதினாள். பதிலில்லை. மறுபடி எழுதினாள். நேரில் போனாள். சம்பந்தப்பட்ட எழுத்தர் விடுப்பில் இருந்தார். அடுத்த முறை போனபோது அவர் மாற்றலாகிவிட்டார். புதியவர், மனுவில் மாணவியின் அடையாள அட்டை நகல் இல்லை என்றார். வைத்துக் கொடுத்தாள். ஏழு மாதம் கழித்து ஒரு கடிதம் வந்தது. செவித்திறன் குறைந்த மாணவர்களுக்குப் போட்டிகளில் தகுந்த வசதிகள் செய்து தரலாம் என்றிருந்தது.

அதற்குள் ராமலட்சுமி தானாகவே மைதானத்துக்குத் திரும்பியிருந்தாள். சமாதானம் எதுவும் பேசவில்லை. ஒரு காலையில் வந்து முள் பொறுக்க ஆரம்பித்தாள். அவள் பத்தாம் வகுப்புக்குப் போனதும் தலைமையாசிரியர் புதிய தடை போட்டார். "பப்ளிக் எக்ஸாம் எழுதுற பிள்ள. கிரவுண்டு பக்கம் விடாதீங்க டீச்சர்." வாரத்தில் இரண்டு நாள், அரைமணி நேரம் என்று கெஞ்சி வாங்க வேண்டியிருந்தது.

அடுத்த ஜூலைக் கூட்டத்தில் தங்கச்செல்வி கடிதத்தை வாசித்தாள்.

"தரலாம்னுதானே போட்டிருக்கு" என்றார் ஜெயக்குமார். "தரணும்னு போடலையே."

"ஒரு 'லாம்'க்காக இவ்ளோ நேரமா சார்?"

"எங்க பிள்ளைக கிளாப்பருக்குப் பழகினவுக. திடீர்னு கொடின்னா அவுகளுக்குக் கஷ்டம்."

"இன்னும் ஒரு மாசம் இருக்கு, பழகட்டும். எம் பிள்ள ஒண்ணாவதுலேருந்து உங்க கிளாப்பருக்குப் பழகிட்டு வாரா. அவளுக்குக் கஷ்டம்னு யாராச்சும் ஒருத்தர் சொன்னீங்களா?"

ஜெயக்குமார் கடிதத்தை எடுத்து மறுபடி படித்தார். தங்கச்செல்வி உட்காரவில்லை. அடுத்துச் சொன்னதை அவள் வீட்டிலிருந்து யோசித்துக்கொண்டு வரவில்லை.

"சங்கையா சாருக்கு முடியாதுன்னா நான் ஸ்டார்ட்டரா நிக்கிறேன். என்கிட்ட குடுங்க."

இப்போது பலரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். அந்தக் குறுவட்டத்தில் எந்த ஆசிரியையும் ஓட்டத்தைத் தொடங்கி வைத்ததில்லை. ஆசிரியைகளுக்கு வரவேற்பு, சந்தனம், சான்றிதழ் எழுதுவது. இவள் மாணவி ஓடுகிற ஓட்டத்தை இவளே தொடங்கினால் அது நியாயமா என்று ஒருவர் கேட்டார். சரி, அந்த ஓட்டம் தவிர மற்றதெல்லாம் கொடுங்கள் என்றாள். பெண்கள் வெயிலில் நாள் முழுக்க நிற்க முடியாது என்றார் இன்னொருவர்.

"வருசம் முழுக்க நான் எங்க சார் நிக்கிறேன்?"

சங்கையா சார் மேசையில் உள்ளங்கையால் தட்டினார். கிளாப்பர் இல்லாமலே சத்தம் வந்தது. அடுத்த மே மாதம் அவருக்கு ஓய்வு. அதற்கு முன் கிளாப்பரைப் பிடுங்கி ஒரு பெண்ணிடம் கொடுத்துவிடுவார்களோ என்ற பயம் முகத்தில் தெரிந்தது.

"யாரும் நிக்க வேணாம். நானே முன்னால வந்து நின்னு கொடியும் காட்டுறேன், கிளாப்பரும் தட்டுறேன். காலை ஜெயக்குமார் பின்னால நின்னு பாக்கட்டும். ஆனா ஒரு ரேஸு. அந்தப் பிள்ளையோட நூறு மீட்டர், அது மட்டும். எல்லாருக்கும் இதே பழக்கமாக்கக் கூடாது."

"இருநூறு மீட்டரும் அவ ஓடுறா சார்."

"ஒண்ணும்மா. ஒண்ணே ஒண்ணு."

இரண்டு மணி நேரத்தில் கிடைத்தது அதுதான்.

போட்டியன்று அருஞ்சுனை லீவு போட்டுவிட்டு வந்திருந்தாள். முதல் சுற்றில் சங்கையா சார் முன்னால் ஓரத்தில் போய் நின்றார். இருபத்தேழாவது வருடமாகத் தட்டுகிற கை பழக்கத்தில் முந்திக்கொண்டது. கொடி அசையும் முன்பே கிளாப்பரைத் தட்டிவிட்டார். ஏழு பேர் ஓடினார்கள், ராமலட்சுமி நின்றாள். கூப்பிட்டு மறுபடி நிறுத்தினார்கள். வெயிலில் பெண்கள் முணுமுணுத்தார்கள். பின்னால் நின்ற ஜெயக்குமார், "இதுக்குத்தான் சொன்னேன்" என்று யாரிடமோ சொன்னார். சங்கையா சாருக்கு முகம் கறுத்துவிட்டது. இரண்டாம் தடவை சரியாகச் செய்தார். ராமலட்சுமி அந்தச் சுற்றில் இரண்டாவது.

இறுதிச் சுற்றில் எட்டுப் பேரும் தலை நிமிர்த்தி ஒரே இடத்தைப் பார்த்தார்கள். சிவப்புத் துணி கீழே வந்தது. எட்டுப் பேரும் ஒன்றாகக் கிளம்பினார்கள். தங்கச்செல்வி தன்னை அறியாமல் அருஞ்சுனையின் கையைப் பிடித்திருந்தாள். முப்பது மீட்டர் வரை ராமலட்சுமி சத்யபிரியாவின் தோளோடு தோளாகப் போனாள். பிறகு சத்யபிரியா விலகிப் போனாள். இன்னொருத்தி தாண்டினாள். கடைசிப் பத்து மீட்டரில் மற்றொருத்தியும்.

நாலாவது.

"என்ன டீச்சர்? கொடி நல்லாத்தானே தெரிஞ்சுச்சு?"

"தெரிஞ்சுச்சுக்கா. எல்லாரோடயும் சேந்துதான் கெளம்புனா."

"அப்புறம் என்ன?"

"மூணு பேரு அவளவிட வேகமா ஓடிட்டாளுக."

அருஞ்சுனை அதை யோசித்தாள். இதுவரை தன் மகளைப் பற்றி யாரும் அவளிடம் அப்படி ஒரு காரணம் சொன்னதில்லை.

ராமலட்சுமி தரையை மிதித்துக்கொண்டே வந்தாள். யார் முதுகில் தட்டிக்கொடுத்தாலும் தோளைக் குலுக்கித் தட்டிவிட்டாள். தண்ணீர் பாட்டிலை வாங்கி, குடிக்காமல் தலையில் ஊற்றிக்கொண்டாள்.

"முப்பது மீட்டர்ல நிமிந்துட்டேன், வேகம் போச்சு" என்றாள். "சத்யபிரியா நிமிரல. குனிஞ்சே போனா."

"பாத்தேன்."

"நீங்க சொல்லித் தரல."

"வாரத்துல ரெண்டு அரைமணி நேரம். அதுல எதச் சொல்லித் தர?"

மத்தியானம் இருநூறு மீட்டர். சங்கையா சார் துணியை அவிழ்த்துப் பையில் போட்டுக்கொண்டு பின்னால் போய் நின்றார். தங்கச்செல்வி ஒரு தடவை கேட்டுப் பார்த்தாள். பேசினது பேசினதுதான் என்றார். ராமலட்சுமி பக்கத்துப் பெண்ணின் காலைப் பார்த்துக் கிளம்பி ஐந்தாவதாக வந்தாள். அதைப் பற்றி அவள் ஒரு வார்த்தையும் பேசவில்லை. காலை ஓட்டத்தைப் பற்றி மட்டும் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்த இடத்தைச் செருப்பில்லாத காலால் மண்ணில் கோடு கிழித்துக் காட்டினாள்.

அருப்புக்கோட்டை பஸ் ஸ்டாண்டில் மூன்று பேரும் நின்றார்கள். திருச்சுழி பஸ்ஸில் அருஞ்சுனை இடம் பிடித்துவிட்டு ஜன்னலிலிருந்து கூப்பிட்டாள். ராமலட்சுமி படியில் ஒரு காலை வைத்துக்கொண்டு திரும்பினாள்.

"நாளைக்கு ஆறு மணிக்கு வாங்க."

"நாளைக்கு ஞாயித்துக்கெழம."

"அதான். ஹெச்.எம். வரமாட்டாக."

"ஆறு மணிக்கு எனக்குப் பஸ்ஸு கிடையாதுடி" என்று தங்கச்செல்வி வாயை நன்றாகத் திறந்து சொன்னாள்.

கண்டக்டர் விசில் அடித்தார். ராமலட்சுமி நகரவில்லை. பின்னாலிருந்து ஏற வந்த ஆட்கள் அவளைத் தள்ளினார்கள்.

"ஏழு" என்றாள்.